ஹாஸ்டல் டேஸ், எங்க ஹாஸ்டல்: மும்பையில் என்னிடம் கேட்கும் கேள்விகள்

என் அண்ணன் மகனுக்கு நாக்பூரில் பொறியியல் இடம் கிடைத்திருக்கிறது. ஹாஸ்டலில் தங்கித்தான் படிக்க வேண்டும். அது முடிவான நாளிலிருந்து ‘ஹாஸ்டல் டேஸ்’ தொடரைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறான். ஒருநாள் மதினி அவன் பின்னால் நின்று பத்து நிமிடம் பார்த்துவிட்டு நேரே என்னிடம் வந்தார். “ஹாஸ்டல்னா இப்படித்தான் இருக்குமா?” என்று கேட்டார். நான் திருநெல்வேலியிலிருந்து வந்து, நவி மும்பையில் நான்கு வருடம் ஹாஸ்டலில் தங்கி எலக்ட்ரானிக்ஸ் படித்தவள். மதினியோடு தொடங்கிய பேச்சு, செம்பூரில் எங்கள் கட்டடத்தில் உள்ள மற்ற தமிழ் வீடுகளுக்கும் போய்விட்டது. எல்லோரும் கிட்டத்தட்ட ஒரே கேள்விகளைத்தான் கேட்கிறார்கள். அதனால் மொத்தமாக எழுதி வைக்கிறேன்.

இது என்ன தொடர்? எங்கே பார்க்கலாம்?

அமேசான் பிரைம் வீடியோவில் இருக்கிறது. இந்தி நகைச்சுவைத் தொடர். டி.வி.எஃப். நிறுவனம் எடுத்தது. முதல் சீசன் 2019 டிசம்பரில் வந்தது, ராகவ் சுப்பு இயக்கினார். அடுத்தவை 2021 ஜூலை, 2022 நவம்பர், 2023 செப்டம்பர் என்று வந்து நான்கு சீசனோடு முடிந்துவிட்டது. படிப்பு நான்கு வருடம், சீசனும் நான்கு. ஒவ்வொரு சீசனிலும் பிள்ளைகள் ஒரு வருடம் மேலே போகிறார்கள்.

கதை என்ன?

பெரிய கதை என்று எதுவும் கிடையாது. அதுதான் அதன் நல்ல குணம். அங்கித், சிராக், ‘ஜாட்’ என்று கூப்பிடப்படும் ரூபேஷ் ஆகிய மூன்று புதுப் பையன்கள் ஹாஸ்டலுக்கு வருகிறார்கள். அங்கேயே பழம் தின்று கொட்டை போட்ட ஜான்டூ என்ற பழைய மாணவனோடு சேர்ந்து வாழக் கற்றுக்கொள்கிறார்கள். பெண்கள் பக்கம் ஆகாங்க்ஷா, நபோமிதா என்று இருவர். பரீட்சை, மெஸ், ரூம் சண்டை, காதல், கடைசி வருடத்தில் பிளேஸ்மென்ட். இவ்வளவுதான்.

ஹாஸ்டலில் இருந்தவர்களுக்குத் தெரியும், அங்கே கதை நடக்காது, நாள் நடக்கும். இரவு ஒரு மணிக்கு யாரோ கதவைத் தட்டி “டீ குடிக்க வர்றியா” என்பார்கள். மறுநாள் காலையில் இன்டர்னல் பரீட்சை இருக்கும். தெரிந்தேதான் போவோம். அந்த ஓட்டத்தை இந்தத் தொடர் சரியாகப் பிடித்திருக்கிறது.

‘எங்க ஹாஸ்டல்’ என்று தமிழிலும் இருக்கிறதே, அதைப் பார்த்தால் போதாதா?

2023 ஜனவரியில் அதே பிரைமில் வந்தது. முதல் சீசனின் தமிழ் வடிவம். சதீஷ் சந்திரசேகரன் இயக்கினார். அவினாஷ் ரமேஷ், சம்யுக்தா விஸ்வநாதன் போன்றவர்கள் நடித்திருக்கிறார்கள். அதே வருடம் தெலுங்கிலும் எடுத்தார்கள். தமிழ்நாட்டில் படித்தவர்களுக்குத் தமிழ் வடிவம் பிடிக்கலாம், அவர்கள் பேசிய பேச்சு காதில் விழும்.

ஆனால் மும்பையில் இருக்கும் நமக்கு இந்தி மூலம்தான் பொருந்தும் என்பது என் கருத்து. காரணத்தைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

மூலத்தில் ஒவ்வொருவன் பேசும் இந்தியும் வேறு. ஜாட் வாயைத் திறந்தால் ஹரியானா வாடை அடிக்கும். சிராக் வீட்டில் அடக்கி வளர்த்த பையன், அவன் பேச்சிலேயே அது தெரியும். வெவ்வேறு ஊர்க்காரர்களை ஒரே அறையில் போட்டால் என்ன ஆகும் என்பதுதான் அந்த நகைச்சுவையின் அடிப்படை. தமிழில் எடுக்கும்போது எல்லோரும் தமிழ் பேசுகிறார்கள். வட்டார வழக்கு வேறாக இருந்தாலும் மொழி ஒன்றாகிவிடுகிறது.

நம் பிள்ளைகள் மகாராஷ்டிராவிலோ வடக்கிலோ ஹாஸ்டலுக்குப் போகும்போது அவர்கள்தான் வேறு மொழிக்காரர்கள். என் கதையே அதுதான். நாகர்கோவில் எக்ஸ்பிரஸில் ஒன்றரை நாள் உட்கார்ந்து வந்து இறங்கியபோது எனக்குத் தெரிந்த இந்தி, பள்ளிக்கூடத்துக்கு வெளியே டியூஷனில் படித்த பரீட்சை இந்தி. தமிழில் ‘வருகிறேன்’ என்று ஆணும் சொல்லலாம், பெண்ணும் சொல்லலாம். இந்தியில் ஆண் ‘ஆத்தா ஹூம்’ என்பான், பெண் ‘ஆத்தீ ஹூம்’ என்பாள். புத்தகத்தில் படித்திருந்தேன், ஆனால் அவசரத்தில் வாயில் ஆண்பால்தான் வரும். கோலாப்பூரிலிருந்து வந்த என் ரூம்மேட் ஒவ்வொரு தடவையும் மெதுவாகத் திருத்துவாள். அவளுக்கும் இந்தி தாய்மொழி இல்லை, மராத்திதான். இரண்டு பேருமே சொந்தமில்லாத ஒரு மொழியில் சிநேகிதம் ஆனோம். இன்று நான் பேசும் இந்தி அந்த அறையில் கற்றது. இந்தி மூலத்தைப் பார்க்கும்போது எனக்கு அவள் குரல் கேட்கிறது, தமிழ் வடிவத்தில் அது கிடைக்கவில்லை.

‘பேக்’ என்கிறார்களே, அப்படியென்றால்?

அரியர். வடக்கில் ‘பேக்’, மும்பையில் ‘கே.டி.’, தமிழ்நாட்டில் அரியர். மூன்றும் ஒன்றுதான், ஒரு பேப்பரில் தேறவில்லை, அடுத்த முறை எழுத வேண்டும். மும்பைப் பல்கலைக்கழகத்தில் ‘ஏ.டி.கே.டி.’ என்று முழுதாகச் சொல்வார்கள். தேறாத பேப்பரை வைத்துக்கொண்டே மேல் வகுப்புக்குப் போக அனுமதி என்று பொருள். அதைச் சுருக்கித்தான் கே.டி. தமிழ்நாட்டிலிருந்து வந்த புதிதில், “எனக்கு இரண்டு கே.டி.” என்று ஒருத்தி சொன்னபோது நான் விழித்தேன். நம் ஊரில் கேடி என்றால் போக்கிரி அல்லவா?

இன்னும் சில சொற்கள் உண்டு. ‘ஃபுச்சா’ என்றால் முதல் வருடத்துப் பிள்ளை. ‘பிராக்ஸி’ என்றால் வராதவனுக்கு வேறொருவன் “பிரசன்ட்” சொல்வது, இது நம் ஊரிலும் அதேதான். ‘வைவா’ என்றால் நேரில் கேள்வி கேட்கும் தேர்வு. மும்பையில் நான் கற்ற இன்னொன்று ‘ஜி.டி.’, அதாவது கிளாஸ் டிரேசிங். முதல் வருடத்தில் இன்ஜினியரிங் டிராயிங் ஷீட்டுகள் போட வேண்டும். நன்றாகப் போட்டவளின் ஷீட்டைக் கண்ணாடிப் பலகை மேல் விரித்து, அதன்மேல் நம் வெற்று ஷீட்டை வைத்து, அடியில் பல்பை எரியவிட்டால் கோடெல்லாம் தெரியும். அப்படியே இழுத்துவிடுவது. எங்கள் மாடியில் சப்மிஷன் வாரத்தில் ஒரு ஜன்னல் கண்ணாடியைக் கழற்றியே வைத்திருந்தார்கள்.

முதல் சீசனில் ராகிங்கை வேடிக்கையாகக் காட்டுகிறார்கள். அது சரியா?

சரியில்லை. இந்தத் தொடர்மேல் எனக்கு உள்ள பெரிய வருத்தம் இதுதான். சீனியர்கள் மிரட்டுவதும், புதுப் பையன்கள் நெளிவதும், அப்புறம் எல்லோரும் நண்பர்களாவதும் சிரிப்பாக வந்து போகிறது. சில இடங்களில் அப்படியும் நடந்திருக்கலாம். ஆனால் பார்க்கிற பெற்றோரும் பிள்ளைகளும் “இதெல்லாம் சகஜம்” என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

எனக்கு நடந்ததைச் சொல்கிறேன். நான் வினைச்சொல்லில் ஆண்பால் போட்டுப் பேசுவது சீனியர்களுக்குத் தெரிந்துவிட்டது. இரண்டு வாரம், தினம் இரவு பதினோரு மணிக்கு என்னை அழைத்து நடுவில் நிற்கவைத்து இந்தியில் என்னை அறிமுகம் செய்துகொள்ளச் சொன்னார்கள். ஒவ்வொரு தப்புக்கும் ஒரு சிரிப்பு. யாரும் அடிக்கவில்லை. வார்டனிடம் போனேன், “விளையாட்டுக்குத்தானே” என்றார். அந்த செமஸ்டர் முழுக்க வகுப்பில் நான் வாயே திறக்கவில்லை. பதில் தெரிந்த கேள்விக்கும் கை தூக்கவில்லை. அடிபடாத பிள்ளைக்கும் காயம் படும் என்பதை யாரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

தமிழர்கள் நாம் இதை மறக்கவே கூடாது. 1996-ல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் முதல் வருட மருத்துவ மாணவர் நாவரசுவை ஒரு சீனியர் கொலை செய்தான். அதன் பிறகுதான் 1997-ல் தமிழ்நாடு ராகிங் தடைச் சட்டம் வந்தது. மகாராஷ்டிராவில் 1999-ல் சட்டம் வந்தது. உச்ச நீதிமன்றம் தலையிட்டு, முன்னாள் சி.பி.ஐ. இயக்குநர் ஆர்.கே. ராகவன் தலைமையில் குழு அமைந்து, 2007-ல் அறிக்கை தந்தது. 2009 மார்ச்சில் இமாச்சலத்தில் அமன் கச்ரூ என்ற மருத்துவ மாணவர் சீனியர்கள் அடித்து இறந்தார். அந்த வருடமே பல்கலைக்கழக மானியக் குழு (யு.ஜி.சி.) நாடு முழுவதற்குமான விதிகளைக் கொண்டுவந்தது.

அந்த விதிகளில் பெற்றோருக்குத் தேவையானது இது. மாணவரும் பெற்றோரும் ராகிங் எதிர்ப்பு உறுதிமொழி தர வேண்டும். முதல் வருடப் பிள்ளைகளைத் தனிப் பிளாக்கில் தங்கவைக்க வேண்டும். சீனியர் பிள்ளைகளோடு கலந்து அறை கொடுத்தால் கேளுங்கள், கேட்பதில் கூச்சம் வேண்டாம். 1800-180-5522 என்ற இலவச எண் 24 மணி நேரமும் உண்டு. மதினியிடம் அந்த எண்ணை எழுதி, அண்ணன் மகனின் பர்ஸில் வைக்கச் சொல்லிவிட்டேன்.

குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கலாமா?

வேண்டாம். கெட்ட வார்த்தை நிறைய. ஜான்டூ என்ற பெயரே இந்தியில் ஒரு வசவை ஒட்டியது. பதினெட்டு வயது ஆனவர்கள் அவரவர் பார்த்துக்கொள்ளலாம். பிள்ளை பார்ப்பது தெரிந்தால் திட்டாமல், அப்புறம் அதைப் பற்றிப் பேசுங்கள். நான் அப்படித்தான் செய்தேன். “அத்தை, உங்க ஹாஸ்டல்ல இப்படி நடந்ததா?” என்று அவனே கேட்டான். மேலே எழுதிய கதையை அவனிடம் முதல்முறையாகச் சொன்னது அப்போதுதான்.

பெண்கள் ஹாஸ்டலும் இப்படித்தானா?

இல்லை. அஹ்சாஸ் சன்னா நடித்த ஆகாங்க்ஷா எனக்கு ரொம்பப் பிடித்த பாத்திரம். ஆயுஷி குப்தா நடித்த நபோமிதாவும் நன்றாக எழுதப்பட்டவள்தான். ஆனாலும் தொடர் பையன்களின் கண் வழியாகத்தான் ஓடுகிறது. பெண்கள் ஹாஸ்டலில் நாள் முழுவதையும் கட்டி இழுக்கும் ஒரு விஷயம் கேட் நேரம், அதாவது இரவு எத்தனை மணிக்குள் உள்ளே வந்துவிட வேண்டும் என்பது. எங்களுக்கு எட்டரை மணி. பையன்கள் நடு இரவில் லேபுக்குப் போவார்கள், லைப்ரரிக்குப் போவார்கள், வெளியே போய் கட்டிங் சாய் குடித்துவிட்டு வருவார்கள். பிராஜெக்ட்டில் அவர்களோடு ஒரே குழுவில் இருந்த நான் எட்டு மணிக்குப் பையைத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டும். பாதி வேலை எனக்குத் தெரியாமலே நடந்து முடிந்திருக்கும். மதிப்பெண் போடும்போது அந்த எட்டரை மணியை யாரும் கணக்கில் எடுக்க மாட்டார்கள்.

2015-ல் தில்லியில் மாணவிகள் ‘பிஞ்ச்ரா தோட்’ என்று ஓர் இயக்கம் தொடங்கினார்கள். கூண்டை உடை என்று அர்த்தம். கேட் நேரத்தை எதிர்த்துத்தான். அது செய்தியில் வந்தபோது நான் வேலைக்கே போய்விட்டிருந்தேன். ஆனாலும் பேப்பரை வெட்டி வைத்துக்கொண்டேன்.

பெண்கள் ஹாஸ்டலை மட்டும் வைத்துப் பார்க்க வேண்டுமென்றால் ‘கேர்ள்ஸ் ஹாஸ்டல்’ இருக்கிறது. 2018-ல் தொடங்கிய தொடர், அதுவும் டி.வி.எஃப். குடும்பத்திலிருந்து வந்ததுதான். அதிலும் அஹ்சாஸ் சன்னா நடித்திருக்கிறார். பல் மருத்துவ மாணவிகள் கதை என்பதால் நம் டிராயிங் ஷீட் இருக்காது.

அங்கித் முகம் நடுவில் மாறிவிடுகிறதே?

முதல் இரண்டு சீசனில் ஆதர்ஷ் கௌரவ், மூன்றாவதிலிருந்து உத்சவ் சர்க்கார். இதற்கு நடுவில் ‘தி ஒயிட் டைகர்’ படத்தில் நடித்து, சிறந்த நடிகருக்கான பாஃப்டா என்ற பிரிட்டிஷ் விருதுக்குப் பரிந்துரை வரை போனார் ஆதர்ஷ். உத்சவ் மேல் குறையில்லை, ஆனால் இரண்டு வருடம் பக்கத்து அறையில் பார்த்த முகம் மாறினால் மனம் ஒட்டக் கொஞ்ச நேரம் ஆகிறது.

மூன்றாவது சீசனில் இன்னொன்றும் உண்டு. நகைச்சுவைக் கலைஞர் ராஜு ஸ்ரீவஸ்தவா டீக்கடைக்காரராக வருகிறார். 2022 செப்டம்பரில் அவர் காலமானார், சீசன் வெளிவந்தது நவம்பரில். நான் பார்த்தபோது அந்தக் காட்சியில் சிரிப்பும் வந்தது, தொண்டையும் அடைத்தது.

எந்த சீசன் நல்லது?

முதல் சீசனும் நாலாவதும். நடுவில் உள்ளவை அங்கங்கே இழுவை. நாலாவதில் பிளேஸ்மென்ட் வருகிறது. யாருக்கு வேலை கிடைத்தது, யாருக்குக் கிடைக்கவில்லை என்று தெரிந்த பிறகு அதே அறையில் அதே நால்வர் எப்படிப் படுத்து உறங்குவார்கள்? அதைத் தொட்டதற்காகவே அந்த சீசனை மதிக்கிறேன். எங்கள் மாடியில் முதல் ஆளாக ஆஃபர் வாங்கியவள் மூன்று நாள் அதை யாரிடமும் சொல்லவில்லை.

ஹாஸ்டல் சாப்பாடு உண்மையிலேயே அவ்வளவு மோசமா?

மோசம் என்பதைவிட, ஒரே மாதிரி என்பது சரி. திங்கள் என்றால் இது, செவ்வாய் என்றால் இது என்று ஒரு வருடத்துக்கு மாறாது. காலையில் போஹா, மதியம் உசல் என்ற முளைகட்டிய பயறுக் குழம்பு அல்லது ராஜ்மா, இரவு தண்ணீராய் ஒரு தால், சப்பாத்தி. வடக்கத்திப் பிள்ளைகள் சோற்றைக் கடைசியில் கொஞ்சம் எடுப்பார்கள். நமக்கு அதுதானே முதல். ரசம் என்ற ஒன்றையே மெஸ் அண்ணாக்கள் கேள்விப்பட்டதில்லை.

அதற்கு என் வழி மாட்டுங்கா. ஞாயிற்றுக்கிழமை வாஷியிலிருந்து ஹார்பர் லைனில் குர்லா, அங்கே மாறி ஸ்லோ டிரெயினில் சயான், அடுத்தது மாட்டுங்கா. ஸ்டேஷன் பக்கத்திலேயே மார்க்கெட் கட்டடத்தின் மாடியில் ராமா நாயக் இருக்கிறது, 1942-ல் ஆரம்பித்தது. உடுப்பிச் சாப்பாடு, சாம்பாரில் கொஞ்சம் வெல்லம் நாக்கில் தட்டும். இருந்தாலும் வாழை இலை போட்டுச் சோறு பரிமாறுவார்கள். வீட்டை விட்டு வந்து மூன்று மாதம் கழித்து முதல்முறை அந்த இலை முன்னால் உட்கார்ந்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. பரிமாறியவர் ஒன்றும் கேட்காமல் இன்னொரு கரண்டி சோறு வைத்துவிட்டுப் போனார். சாப்பிட்டு முடித்து, வெளியே பூக்கடையில் ஒரு முழம் மல்லிகை, பக்கத்துக் கடையில் அப்பளக் கட்டு. ஹாஸ்டல் திரும்பியதும் அந்த மல்லிகையை ஐந்து துண்டாக்கி எங்கள் வரிசையில் எல்லோருக்கும் கொடுப்பேன். அந்தப் பக்கம் படிக்கிற தமிழ்ப் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இது: மாதம் ஒரு ஞாயிறாவது மாட்டுங்கா போங்கள், கூட ஒரு வேற்று மொழிச் சிநேகிதியையும் கூட்டிப் போங்கள்.

பார்த்துவிட்டுப் பையன் படிக்காமல் போய்விடுவானோ?

தொடரில் படிப்பு குறைவாகத் தெரிவது உண்மை. பரீட்சைக்கு முந்தின இரவில் எல்லாம் நடப்பதுபோல் காட்டுவார்கள். கடைசி இரவில் லோக்கல் ஆத்தர் புத்தகத்தை, அதாவது பரீட்சைக்கென்றே உள்ளூர் ஆசிரியர்கள் எழுதும் புத்தகத்தை, வைத்துத் தேறிவிடலாம் என்பது பாதி நிஜம்தான். கணக்குப் பேப்பருக்கு அது உதவாது. கே.டி. விழுந்தவர்களில் பெரும்பாலானோர் எங்கள் வகுப்பில் கணக்கில்தான் விழுந்தார்கள். நுழைவுத் தேர்வுக்கு இரண்டு வருடம் உயிரைக் கொடுத்துப் படித்த பிள்ளைகள், உள்ளே வந்ததும் முதல் செமஸ்டரில் தளர்ந்துவிடுகிறார்கள். அது சோம்பேறித்தனம் இல்லை, களைப்பு. அந்த இரண்டு வருடம் எப்படி இருக்கும் என்று பெற்றோர் தெரிந்துகொள்ள ‘கோட்டா ஃபேக்டரி’ பாருங்கள். அதன் முதல் சீசனும் 2019-ல்தான் வந்தது, அதே ராகவ் சுப்பு இயக்கியது, கறுப்பு வெள்ளையில். அதைப் பார்த்துவிட்டு ‘ஹாஸ்டல் டேஸ்’ பார்த்தால் இந்தப் பையன்கள் ஏன் இவ்வளவு கூத்தடிக்கிறார்கள் என்பது விளங்கும். முதல் செமஸ்டரில் ஒரு கே.டி. விழுந்தால் போனில் கத்தாதீர்கள்.

ஹாஸ்டலுக்கு என்ன கொடுத்து அனுப்புவது?

இது மதினி தினமும் கேட்பது. நல்ல பூட்டு ஒன்று, சாவி இரண்டு. நீளமான எக்ஸ்டென்ஷன் போர்டு, ஏனென்றால் பிளக் எப்போதும் ரூம்மேட்டின் கட்டில் பக்கம்தான் இருக்கும். கெட்டில் அனுமதி உண்டா என்று கேட்டுக்கொண்டு வாங்குங்கள், சில ஹாஸ்டலில் பறித்துவிடுவார்கள். வெள்ளைச் சட்டை வேண்டாம், பக்கெட்டில் ஊறப்போட்டு மறந்துவிடுவான்.

அப்புறம் பருப்புப் பொடி, நார்த்தங்காய் ஊறுகாய். என் அம்மா ஒரு பாட்டில்தான் கொடுத்து அனுப்பினாள், அது பத்து நாளில் தீர்ந்துவிட்டது. முக்கால்வாசியை என் கோலாப்பூர் ரூம்மேட் சாப்பிட்டாள், அவள் கொண்டுவந்த தேச்சா என்ற பச்சைமிளகாய்த் துவையலில் முக்கால்வாசியை நான் சாப்பிட்டேன். அதனால் மதினி, எது வைத்தாலும் இரண்டு பாட்டிலாக வையுங்கள்.